ஒரு பிள்ளைக்குத்தான் வேலை

மே மாதம் வந்தால் எங்கள் குவார்ட்டர்ஸ் காலியாகிவிடும். பள்ளிக்கூடம் மூடிய மறுநாளிலிருந்து ஒவ்வொரு குடும்பமாக டிரங்குப் பெட்டியும் தண்ணீர்க் கேனுமாக ஆவடி ஸ்டேஷனுக்குக் கிளம்பும். மாடி வீட்டுக்காரர்கள் திருநெல்வேலிக்கு, எதிர் வீட்டுக்காரர்கள் பாலக்காட்டுக்கு, மூலை வீட்டுக்காரர்கள் விசாகப்பட்டினத்தைத் தாண்டி ஏதோ ஓர் ஊருக்கு. போகிற போக்கில் எங்கள் வாசலில் நின்று அம்மாவிடம் சாவியைக் கொடுப்பார்கள். "செடிக்குத் தண்ணி மட்டும் ஊத்தச் சொல்லுங்கக்கா" என்பார்கள். நாங்கள் போவதற்கு ஊர் இல்லை என்பது அங்கே எல்லோருக்கும் தெரிந்த விஷயம். ஒரு வருடம் பதினொரு வீட்டுச் சாவிகள் சேர்ந்துவிட்டன. அண்ணன் அவற்றைச் சணல் கயிற்றில் கோத்து இடுப்பில் கட்டிக்கொண்டு, காலையில் வாளியோடு வீடு வீடாகப் போவான். நான் குவளையை எடுத்துக்கொண்டு பின்னால் ஓடுவேன். ஆளில்லாத அந்தத் தெருக்கள் முழுக்க எங்களுக்கே சொந்தம் என்று அவன் சொல்வான். எனக்கு அழுகையாக வரும்.

அப்பா கப்பலில் வந்தவர். ரங்கூனுக்குப் பக்கத்தில் பிறந்து வளர்ந்து, இனி அங்கே பிழைக்க முடியாது என்று ஆனபோது, இருபது வயதில் சென்னைத் துறைமுகத்தில் வந்து இறங்கியவர். அம்மாவின் குடும்பம் வேறொரு கப்பலில் வந்தது. முகாமில் பார்த்து, முகாமிலேயே கல்யாணம் முடிந்தது. பர்மாவிலிருந்து திரும்பியவர் என்ற சான்றிதழைக் காட்டி, வேலைவாய்ப்பு அலுவலகத்தின் வழியாக, ஆவடிப் பக்கம் பாதுகாப்புத் துறைத் தொழிற்சாலை ஒன்றில் அப்பா வெல்டராகச் சேர்ந்தார். அவருடைய தாத்தா ராமநாதபுரம் பக்கத்திலிருந்து பர்மாவுக்குப் போனவராம். ஒரு தடவை அந்த ஊரைத் தேடிக்கொண்டு போன அப்பா மறுநாளே திரும்பி வந்துவிட்டார். "பஸ் ஸ்டாண்டுல ஒரு டீ குடிச்சேன். வேற யாரையும் தெரியல" என்றார். அதற்குப் பிறகு அவர் அதைப் பற்றிப் பேசியதில்லை.

எங்கள் வீட்டுக்குப் பெயரே பர்மாக்காரர் வீடு. அண்ணன் பெரிய பர்மா, நான் சின்ன பர்மா. நாங்கள் இரண்டு பேரும் பிறந்தது இங்கேதான் என்று யாரிடமாவது சொன்னால் சிரிப்பார்கள்.

அண்ணனுக்கும் எனக்கும் நான்கு வயது வித்தியாசம். அவன் ஐ.டி.ஐ.யில் ஃபிட்டர் படித்து முடித்த வருடம் தொழிற்சாலையில் ஆள் எடுப்பு நின்றுபோயிருந்தது. அவனைப் போலவே படித்து முடித்தவர்கள் ஏழெட்டுப் பேர் மாலையில் தண்ணீர்த் தொட்டிக்குக் கீழே உட்கார்ந்திருப்பார்கள். ஒவ்வொருவனின் அப்பாவும் ஒவ்வொரு ஊரிலிருந்து இங்கே வேலைக்கு வந்தவர். வீட்டுக்குள் ஒவ்வொரு வீட்டிலும் ஒவ்வொரு பேச்சு. தொட்டிக்குக் கீழே வந்துவிட்டால் எல்லோருக்கும் ஒரே பேச்சு, மெட்ராஸ் பேச்சு. அம்மாவுக்கு அது பிடிக்காது. "கீது, கீறேன்னு வீட்டுக்குள்ள பேசாதீங்கடா" என்பாள்.

தொட்டிக்குக் கீழே அடிக்கடி ஒரு பேச்சு வரும். வேலையில் இருக்கும்போதே அப்பா இறந்துவிட்டால், பிள்ளைகளில் ஒருவனுக்கு வேலை உண்டு. அவர்களுக்குத் தெரிந்து அந்தத் தொழிற்சாலைக்குள் போவதற்கு அது ஒன்றுதான் வழியாக மிஞ்சியிருந்தது. ஒரு நாள் பாலக்காட்டுக்காரர் மகன் சிரித்துக்கொண்டே சொன்னான்:

"எங்க நைனா போனாத்தான் மாமே எனக்கு வேல."

எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். அண்ணன் எழுந்து போய் அவன் கன்னத்தில் அறைந்தான். அறைந்துவிட்டு அவனையே கட்டிக்கொண்டு, "அப்டி சொல்லாத மச்சான்" என்றான். அண்ணன் யாரையாவது அடித்து நான் பார்த்தது அந்த ஒரு தடவைதான்.

ஆள் எடுப்பு தொடங்கும்வரை என்று சொல்லி, அண்ணன் அம்பத்தூர் எஸ்டேட்டில் ஒரு சின்னப் பட்டறையில் சேர்ந்தான். ஆஸ்பெஸ்டாஸ் கூரைக்கு அடியில் ஆறு மிஷின்கள். பெரிய கம்பெனிகளுக்குத் துண்டு துண்டாக உதிரி பாகம் செய்து கொடுக்கிற இடம். காலை ஏழு மணிக்குச் சைக்கிளில் கிளம்பி, அண்ணனூர், திருமுல்லைவாயல் வழியாக மிதித்துப் போவான். அப்பா தினமும் அவனிடம், "இன்னும் கொஞ்ச நாள்தான். எடுக்கப் போறாங்கன்னு பேசிக்கிறாங்க. உன்னை உள்ள சேத்துட்டுத்தான் நான் ரிட்டயர் ஆவேன்" என்பார். இதைச் சொல்லாமல் அவர் ஒரு நாளும் சாப்பிட்டு எழுந்ததாக எனக்கு நினைவில்லை.

பட்டறையில் சேர்ந்த இரண்டாவது வருடம், ஒரு சாயங்காலம் அண்ணன் இடது கண்ணில் பஞ்சு வைத்து ஒட்டிக்கொண்டு வந்தான். இரும்புத் தூள் விழுந்துவிட்டது, டாக்டர் எடுத்துவிட்டார் என்றான். ஒரு வாரம் வீட்டில் இருந்தான். பிறகு பஞ்சை எடுத்துவிட்டு வேலைக்குப் போனான். கண்ணைப் பார்த்தால் ஒன்றும் தெரியாது. கொஞ்சம் சிவப்பு, அவ்வளவுதான். ஆனால் அதற்குப் பிறகு கிரிக்கெட்டில் அவன் பேட் பிடிக்கவில்லை. அம்பயராக நின்றான். டம்ளரில் தண்ணீர் ஊற்றும்போது வெளியே ஊற்றினான். தெருவில் நடக்கும்போது என்னைத் தன் வலது பக்கமாக இழுத்துக்கொண்டான். இதையெல்லாம் நான் பார்த்தேன். பார்த்தும் எனக்கு ஒன்றும் தோன்றவில்லை. எனக்குப் பதினேழு வயது. பன்னிரண்டாம் வகுப்பு. காலேஜில் கெமிஸ்ட்ரி எடுக்க வேண்டும், வெள்ளைக் கோட்டு போட்டுக்கொண்டு லேபில் நிற்க வேண்டும் என்பது தவிர என் தலைக்குள் வேறு எதுவும் இல்லை.

அப்பா இறந்தது ஒரு வியாழக்கிழமை. காலையில் டிபன் பாக்ஸை எடுத்துக்கொண்டு கிளம்பினார். தொழிற்சாலைச் சைக்கிள் ஸ்டாண்டில் சைக்கிளை நிறுத்திப் பூட்டியிருக்கிறார். குனிந்தவர் எழவில்லை. ஆஸ்பத்திரிக்குத் தூக்கிக்கொண்டு போவதற்குள் முடிந்துவிட்டது. நாற்பத்துமூன்று வயது. யூனியனிலிருந்து இரண்டு பேர் வந்து வாசலில் நின்றார்கள். அம்மா அடுப்பில் வைத்த குழம்பை இறக்கி வைத்துவிட்டுத்தான் வெளியே வந்தாள். அவர்கள் சொல்லும்முன்பே அவளுக்குத் தெரிந்துவிட்டது என்று நினைக்கிறேன்.

அண்ணனுக்குச் சொல்ல வேண்டும். பட்டறையில் போன் இல்லை. நான் ஓடிப் போய் ரயில் ஏறி, பட்டரவாக்கத்தில் இறங்கி, எஸ்டேட்டுக்குள் வழி கேட்டுக்கொண்டு நடந்தேன். அதுவரை நான் அந்தப் பட்டறைக்குப் போனதே இல்லை. வாசலில் ஒருவர் பீடி குடித்துக்கொண்டிருந்தார். அண்ணன் பெயரைச் சொன்னேன். அவருக்குப் புரியவில்லை. ஆவடியிலிருந்து வருகிறவர், உயரமாக இருப்பார் என்றேன்.

"யாரு, ஒத்தக்கண்ணனா? அப்டி சொல்லு நைனா. உள்ள ட்ரில்லிங் மிஷினாண்ட கீறான் பாரு."

எனக்கு விளங்கவில்லை. "ஒத்தக்கண்ணனா?" என்று திருப்பிக் கேட்டேன்.

"நீ இன்னா ஓணும் அவனுக்கு? தம்பியா? உனுக்குத் தெரியாதா? கிரைண்டிங் கல்லு தெறிச்சு ஒரு கண்ணு பூடுச்சே."

அப்பா இறந்த செய்தியை வாயில் வைத்துக்கொண்டு அந்த வாசலில் நான் நின்றேன். உள்ளே அண்ணன் மிஷினுக்கு முன்னால் முகத்தை ஒரு பக்கமாகச் சாய்த்து வைத்துக்கொண்டு வேலை செய்துகொண்டிருந்தான். எண்ணெய் படிந்த கை. நான் போய் அவனுடைய இடது பக்கம் நின்றேன். அவனுக்குத் தெரியவில்லை. வலது பக்கம் வந்து நின்றதும் திரும்பிப் பார்த்துச் சிரித்தான்.

"இன்னாடா, இங்க எங்க?"

சொன்னேன். மிஷினை நிறுத்தினான். கையைப் பழந்துணியில் துடைத்தான். விரல் விரலாக, நகத்துக்குள்ளேகூட, வெகுநேரம் துடைத்தான். பிறகு என் கையைப் பிடித்துக்கொண்டு நடந்தான்.

நடுப்பகல் ரயிலில் கூட்டமே இல்லை. எதிரெதிராக உட்கார்ந்திருந்தோம். அம்பத்தூர் தாண்டியதும் அவன் கேட்டான்:

"வாசல்ல அவரு எதுனா சொன்னாரா?"

"சொன்னாரு."

"அம்மாகிட்ட சொல்லாத."

"அப்பாவுக்குத் தெரியுமா?"

அவன் தலையை ஆட்டினான், இல்லை என்று. அப்போதுதான் அழ ஆரம்பித்தான். இரண்டு கண்ணிலிருந்தும் தண்ணீர் வந்தது. நான் அதைப் பார்த்துக்கொண்டே இருந்தேன். தெரியாத கண்ணும் அழும் என்று அன்றைக்குத்தான் தெரிந்துகொண்டேன்.

எங்களுக்கு உறவு என்று வந்தவர்கள் வியாசர்பாடியிலிருந்து அம்மாவின் தம்பி குடும்பம் மட்டும்தான். மற்றபடி குவார்ட்டர்ஸ்தான் எல்லாம் செய்தது. தொட்டிக்குக் கீழே உட்காருகிறவர்கள்தான் அப்பாவைத் தூக்கினார்கள். அண்ணனிடம் அறை வாங்கியவன் முன்னால் தோள் கொடுத்தான். மூத்தவன் என்பதால் அண்ணன் கொள்ளி வைத்தான்.

காரியம் முடிந்த மறுநாள் யூனியன்காரர் வந்து உட்கார்ந்து நிதானமாக விளக்கினார். ஒரு பிள்ளைக்குத்தான் வேலை. வேலை கிடைத்தால் குவார்ட்டர்ஸில் இருக்கலாம். இல்லையென்றால் கொஞ்ச காலத்தில் காலி செய்ய வேண்டும். "பெரியவன் ஐ.டி.ஐ. முடிச்சிருக்கான். கவலையே இல்ல. ஒரு மெடிக்கல் மட்டும் பாப்பாங்க" என்றார்.

அம்மாவின் முகத்தில் அன்றைக்குத்தான் கொஞ்சம் உயிர் வந்தது. நான் அண்ணனைப் பார்த்தேன். அவன் என்னைப் பார்க்கவில்லை.

அலுவலகத்தில் விண்ணப்பம் கொடுக்க மூன்று பேரும் போனோம். அம்மா கையெழுத்துப் போட வேண்டிய இடத்தைக் காட்டிய கிளார்க், அவள் தயங்கியதைப் பார்த்து மைப்பெட்டியைத் தள்ளினார். அம்மா பர்மியப் பள்ளிக்கூடத்தில் ஏழாவது வரைக்கும் படித்தவள். அந்த வட்ட வட்டமான எழுத்தில் பக்கம் பக்கமாக எழுதுவாள். தமிழ் எழுத வராது. கட்டை விரலை மையில் வைத்து அழுத்தினாள். வெளியே வந்ததும் விரலைப் புடவைத் தலைப்பில் அழுத்தி அழுத்தித் துடைத்தாள்.

மெடிக்கலுக்கு ஒரு மாதம் இருந்தது. தொட்டிக்குக் கீழே உட்காருகிறவர்களில் ஒருவனுடைய அப்பா ஓர் ஆஸ்பத்திரியில் அட்டெண்டர். கண் பரிசோதனைக்கு மாட்டியிருக்கிற அட்டையில் உள்ள எழுத்துகளை அவன் ஒரு தாளில் எழுதிக்கொண்டு வந்தான். நான் அதை நோட்டில் பெரிது பெரிதாக எழுதினேன். மாலையில் அம்மா தண்ணீர் பிடிக்கப் போகும் நேரத்தில் நான் கூடத்தின் அந்தப் பக்கம் நோட்டைப் பிடித்துக்கொண்டு நிற்பேன். அண்ணன் வலது கண்ணை உள்ளங்கையால் மூடிக்கொண்டு மேலிருந்து கீழாக மனப்பாடமாகச் சொல்வான். ஒரு எழுத்து தப்பாமல் சொல்வான். கடைசி வரியில் மட்டும் ஒரு இடத்தில் வேண்டுமென்றே தடுமாறுவான்.

"எல்லாத்தையும் கரெக்டா சொன்னா சந்தேகம் வரும்டா" என்பான்.

ஒரு நாள் அம்மா குடத்தோடு உள்ளே வந்துவிட்டாள். என்னடா என்று கேட்டாள். பரீட்சைக்குப் படிக்கிறோம் என்றேன். "வேலைக்குமா பரீட்ச?" என்றாள். சந்தோஷமாகத்தான் சொன்னாள்.

மெடிக்கல் அன்று அப்பாவின் வெள்ளைச் சட்டையைப் போட்டுக்கொண்டு போனான். மத்தியானத்துக்குள் திரும்பி வந்தான். நான் தெருமுனையிலேயே நின்றிருந்தேன். என்னைப் பார்த்ததும் சைக்கிளை விட்டு இறங்கினான்.

"அட்டையக் காட்டவே இல்லடா. ஒரு டார்ச் அடிச்சுப் பாத்தாரு. ரெண்டு நிமிஷம். அவ்ளோதான்" என்றான்.

அந்த டாக்டர் மேல் எங்களுக்குக் கோபம் எதுவும் இல்லை. அவர் அவருடைய வேலையைச் செய்தார். வீட்டுக்கு வந்த கடிதம் இங்கிலீஷில் இருந்தது. நான்தான் அம்மாவுக்குப் படித்துச் சொன்னேன். இடது கண்ணில் பார்வை இல்லை. வேலைக்குத் தகுதியில்லை. அம்மா என்னை இரண்டாவது தடவையும் படிக்கச் சொன்னாள். பிறகு எழுந்து போய் அண்ணனுக்கு முன்னால் உட்கார்ந்தாள். அவனுடைய வலது கண்ணை இடது கையால் பொத்தினாள். மற்ற கையைத் தூக்கிப் பிடித்தாள்.

"எத்தன வெரலு?"

அண்ணன் முகத்தை விலக்கப் பார்த்தான்.

"சொல்லுடா. எத்தன வெரலு?"

"மூணு" என்றான்.

அம்மா ஒரு விரலையும் நீட்டியிருக்கவில்லை. கையை முஷ்டியாக மடக்கி வைத்திருந்தாள். அந்த முஷ்டியாலேயே தன் மார்பில் அடித்துக்கொண்டாள். அப்பா இறந்தபோதுகூட அவள் அப்படி அடித்துக்கொள்ளவில்லை.

வேலை எனக்கு என்று ஆகிவிட்டது. யாரும் முடிவு செய்யவில்லை. வேறு வழி இல்லாததால் அதுவாக ஆனது. எனக்குப் பதினெட்டு முடியும்வரை காத்திருந்தார்கள். மூத்தவன் தனக்கு ஆட்சேபணை இல்லை என்று எழுதிக் கொடுக்க வேண்டும். அண்ணன் கையெழுத்து அச்சடித்தது போல இருக்கும். தரையில் குப்புறப் படுத்துக்கொண்டு, தாளுக்கு அடியில் என்னுடைய கெமிஸ்ட்ரி புத்தகத்தை வைத்து எழுதினான். "என் தம்பிக்கு இந்த வேலையை வழங்குவதில் எனக்கு எவ்வித ஆட்சேபணையும் இல்லை." எழுதிவிட்டு, "எவ்விதங்கறதுக்கு 'வ்' சரியா போட்டுக்கீறனா பாரு" என்று என்னிடம் கொடுத்தான்.

"எனக்கு வேணாம்ண்ணா. நான் காலேஜ் போறேன்" என்றேன். ஒரே ஒரு தடவைதான் சொன்னேன்.

"காலேஜுக்கு எந்த ஊட்லேர்ந்து போவ?" என்றான். அதட்டவில்லை. உண்மையாகவே கேட்பது போலக் கேட்டான்.

முதல் நாள் அப்பாவின் சைக்கிளில் என்னைப் பின்னால் உட்கார வைத்துக்கொண்டு கேட்வரைக்கும் வந்தான். சங்கு ஊதியது. கூட்டம் கூட்டமாக ஆட்கள் உள்ளே போனார்கள். அவன் கேட்டுக்கு வெளியே சைக்கிளைப் பிடித்துக்கொண்டு நின்றான். உள்ளே போனதும் அப்பாவோடு வேலை பார்த்தவர்கள், "பர்மா பையனா? வா வா" என்று தோளில் கை போட்டார்கள். நான் திரும்பிப் பார்த்தேன். அவன் இன்னும் நின்றுகொண்டிருந்தான்.

அப்பா இருந்தவரை, எங்களுக்குத் தெரியக் கூடாத விஷயத்தை அவரும் அம்மாவும் பர்மிய பாஷையில் பேசிக்கொள்வார்கள். அவர் போன பிறகு அம்மாவுக்கு அந்தப் பாஷையில் பேச வீட்டில் ஆள் இல்லை. சமையலறையில் தனியாகப் பேசிக்கொண்டாள். பாத்திரத்தோடு, அடுப்போடு. எனக்கு ஷிஃப்ட். அண்ணன்தான் அதிக நேரம் வீட்டில் இருந்தான், ஏனென்றால் பட்டறையை மூடிவிட்டார்கள். அவன் ஒவ்வொரு வார்த்தையாகக் கேட்டுக் கற்றுக்கொள்ள ஆரம்பித்தான். அரிசிக்கு என்ன, தண்ணீருக்கு என்ன, தூக்கம் வருகிறது என்பதற்கு என்ன. தப்பாகச் சொல்லும்போதெல்லாம் அம்மா சிரித்தாள். நான் வேலை முடிந்து உடம்பு முழுக்கப் புகை வாசனையோடு வரும்போது அந்தச் சிரிப்பு வெளியே கேட்கும். நான் உள்ளே வந்தால் நின்றுவிடும். எனக்குச் சோறு போடுவதற்காக அம்மா அவசரமாக எழுந்துகொள்வாள். வேலைக்குப் போய்விட்டு வருகிறவனுக்குக் காட்டுகிற மரியாதை அது. அப்பாவுக்கும் அப்படித்தான் எழுந்துகொள்வாள். எனக்கு அது வேண்டியிருக்கவில்லை.

தொண்ணூறுகளின் தொடக்கத்தில் அண்ணனுக்குப் பெண் பார்த்தோம். அம்மாவின் தம்பி மூலமாக வியாசர்பாடியில் ஒரு குடும்பம், அவர்களும் கப்பலில் வந்தவர்கள். பெண்ணின் அப்பாவும் மாமாவும் எங்கள் வீட்டுக்கு வந்து காபி குடித்தார்கள். அண்ணனிடம் நன்றாகத்தான் பேசினார்கள். மூன்று நாள் கழித்துச் சொல்லி அனுப்பினார்கள். சின்னவருக்கு என்றால் சம்மதம்.

 இரண்டு நாள் கழித்து அண்ணன் என்னிடம் வந்தான்.

"நல்ல பொண்ணுடா. பண்ணிக்கோ."

"உனக்குப் பாத்த பொண்ண நான் எப்படிப் பண்ணிப்பேன்? வேணாம்னு சொல்லிட்டேன்" என்றேன். அதைச் சொன்னபோது எனக்கு உள்ளுக்குள் பெருமையாக இருந்தது. அவனுக்காக நான் ஏதோ விட்டுக்கொடுத்துவிட்டேன் என்ற நினைப்பு.

 "அவுங்க என்ன வேணாம்னு சொன்னது கூட வலிக்கல. எனக்காக நீ வேணாம்னு சொல்ற பாரு, அதான்டா தாங்கல" என்றான்.

அப்போது எனக்குக் கோபம்தான் வந்தது. புரிவதற்குப் பல வருடங்கள் ஆயின. இரண்டு வருடம் கழித்து வேறு இடத்தில் எனக்குக் கல்யாணம் நடந்தது. அண்ணன்தான் பந்தியில் நின்று பரிமாறினான். வந்தவர்களில் பாதிப் பேர் அவனைச் சமையல்காரரின் ஆள் என்று நினைத்து வேலை வாங்கினார்கள். அவன் திருத்தவில்லை.

கல்யாணமாகி ஒரு மாதத்தில் அவன் வீட்டை விட்டுப் போனான். சண்டை ஒன்றுமில்லை. பூந்தமல்லியை அடுத்த பாரிவாக்கத்தில் வயல்களை மண் கொட்டி மேடாக்கி மனைகளாகப் பிரித்துக்கொண்டிருந்தார்கள். கல் நட்டு வைத்த அந்த வெட்டவெளிக்குக் காவலாள் வேலை. அங்கேயே ஓட்டுக் கூரை போட்ட ஒரு அறை. "உங்களுக்கு ரெண்டு ரூம்தான் கீது. நான் எதுக்கு?" என்றான். என் மனைவி எவ்வளவோ சொல்லிப் பார்த்தாள். அவள் நல்லவள். அவள் மேல் அவனுக்கு ஒரு குறையும் இல்லை.

நான் எதிர்பார்க்காதது, அம்மாவும் அவனோடு கிளம்பியது. ஒரு துணிப்பையில் நான்கு புடவைகளை எடுத்து வைத்துக்கொண்டு, "அவனுக்கு யாருடா இருக்கா" என்றாள். அரசாங்கக் குவார்ட்டர்ஸை, குழாய்த் தண்ணீரை, இருபது வருடமாகப் பேசிப் பழகிய அக்கம்பக்கத்தை விட்டுவிட்டு அந்த ஓட்டு அறைக்குப் போனாள். அவளை இந்த வீட்டில் வைத்துக்கொள்வதற்காகத்தான் நான் அந்த வேலைக்கே போனேன்.

மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை பஸ் ஏறிப் போவேன். பழம், மாத்திரை, மகள் பிறந்த பிறகு அவளுடைய போட்டோக்கள். அறைக்கு வெளியே அம்மா விறகடுப்பு போட்டிருப்பாள். அங்கே சுற்றி இருந்தவர்கள் அந்த வயல்களில் முன்பு கூலி வேலை செய்தவர்கள். அப்போது பாடியிலும் அம்பத்தூரிலும் கம்பெனிகளுக்குப் போய்க்கொண்டிருந்தார்கள். அம்மா அவர்களுக்குப் பிரசவம் பார்ப்பது தவிர எல்லாம் செய்தாள். பர்மாம்மா என்று கூப்பிட்டார்கள். அண்ணனை அண்ணாத்தே என்றார்கள். நாங்கள் பிறந்து வளர்ந்த இடத்தில் கிடைக்காத ஏதோ ஒன்று அவர்கள் இரண்டு பேருக்கும் அந்தப் பொட்டல் மனைகளுக்கு நடுவில் கிடைத்திருந்தது. எனக்கு அது சந்தோஷமாக இருந்திருக்க வேண்டும்.

ஒரு தடவை கேட்டேவிட்டேன். அப்பாவிடமாவது கண் விஷயத்தை ஏன் சொல்லவில்லை என்று. அண்ணன் மனைக்கல் ஒன்றின் மேல் உட்கார்ந்திருந்தான்.

"என்ன உள்ள சேத்துட்டுத்தான் ரிட்டயர் ஆவேன்னு டெய்லி சொல்லிக்கினு இருந்தாருல்ல. கண்ணு போச்சுன்னு தெரிஞ்சா அப்புறம் அந்த ஆளு என்னத்தச் சொல்லிக்கினு சாப்புடுவாரு?" என்றான்.

அம்மா சர்க்கரை முற்றி இறந்தாள். தொண்ணூறுகள் முடியப் போகிற சமயம். ஒரு காலை நேரம், தொழிற்சாலைக்குப் போன் வந்தது. நான் மனைவியையும் மகளையும் பின்னால் வரச் சொல்லிவிட்டு முன்னால் ஓடினேன். பூந்தமல்லியில் இறங்கி ஆட்டோ பிடித்துப் போய்ச் சேர்ந்தபோது, அம்மாவை வெளியே பெஞ்சில் கிடத்தி மாலை போட்டிருந்தார்கள். நாற்பது ஐம்பது பேர் கூடியிருந்தார்கள். பெண்கள் அழுதார்கள். எனக்கு முகம் தெரிந்தவர்கள் மிகச் சிலர். பந்தலுக்குக் கால் நட்டுக்கொண்டிருந்த ஒருவர் என் பேண்ட் சட்டையைப் பார்த்துவிட்டு அருகில் வந்தார்.

"வாங்க சார். நீங்க அம்மாவுக்கு இன்னா ஓணும்? சொந்தமா?"

 அண்ணன் உள்ளேயிருந்து வந்தான். "என் தம்பி. ஃபேக்டரில கீறான்" என்றான்.

"அப்படியா சார், ஒக்காருங்க" என்று சொல்லிவிட்டு, அவர் பக்கத்து வீட்டுக்கு ஓடிப் போய் ஒரு நாற்காலியைக் கொண்டுவந்து போட்டார். மற்ற எல்லோரும் தரையில் உட்கார்ந்திருந்தார்கள். அண்ணன் தரையில், அம்மாவின் காலடியில். நாலைந்து பேர் எழுந்து வந்து என்னை உட்காரச் சொன்னார்கள். நான் உட்கார்ந்தேன். என் அம்மா இறந்த வீட்டில் விருந்தாளியைப் போல நாற்காலியில் உட்கார்ந்திருந்தேன்.

பிற்பகலில் எடுக்கும் நேரம் வந்தது. கொள்ளி வைக்கிறவர் யார் என்று கேட்டார்கள். எல்லோருடைய பார்வையும் அண்ணன் மேல் இருந்தது. அவன் என்னைக் காட்டினான்.

நான் அவனை ஒதுக்குப்புறமாக அழைத்துப் போய், "நீயே வெச்சுடுண்ணா. நீதான் பாத்துக்கிட்ட" என்றேன்.

"அப்பாவுக்குப் பெரியவன். அம்மாவுக்குச் சின்னவன். அதான் முற" என்றான்.

"முறையெல்லாம் யாரு பாக்கப் போறா இங்க?"

அவன் என் சட்டைப் பித்தானைக் கழற்ற ஆரம்பித்தான். சின்ன வயதில் குளிக்க வைக்கும்போது கழற்றுவது போல, மேலிருந்து ஒவ்வொன்றாக. "எனக்கு அவகூட ஆறு வருசம் கிடைச்சுதுடா. உனக்கு இது ஒண்ணாவது இருக்கட்டும்" என்றான்.

சட்டியைத் தூக்கிக்கொண்டு நான் முன்னால் நடந்தேன். ஏரிக்கரைச் சுடுகாடு. அங்கே எல்லாம் முடிந்து, குளித்துவிட்டுத் திரும்பி வந்தபோது வெயில் தாழ்ந்திருந்தது. அறை வாசலில் தண்ணீர் தெளித்துக் கழுவியிருந்தார்கள். அந்த நாற்காலி அதே இடத்தில் கிடந்தது. அண்ணன் அதைத் தூக்கித் தலையில் கவிழ்த்துக்கொண்டான்.

"பக்கத்து ஊட்டுது. குடுத்துட்டு வந்துடறேன்" என்றான்.

அவன் போன பிறகு நான் ஈரத் தரையில் உட்கார்ந்தேன்.